சீர்க் கட்டிலும் ஆறடி மெத்தையும்

"அம்மா, மனசு குறுகலா இருக்கிறவங்களோட குடும்பம் நடத்திக்கிட்டு ஒருத்தன் ஞானத்துல எப்படி முன்னேறுறது?"

மாசிலாமணி இப்படித்தான் கேட்டார். சில ஆண்பிள்ளைகள் கேள்விக்குள்ளேயே தீர்ப்பையும் வைத்துத்தான் கேட்பார்கள்.

குருவுக்கு நாற்பத்திரண்டு வயது. சீடருக்கு அறுபது தாண்டிவிட்டது.

ஆசிரமம் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. குளித்தலைக்கு வெளியே, வாய்க்கால் ஓரத்தில் இரண்டு அறை, ஒரு சமையல்கட்டு. குருவை எல்லாரும் அம்மா என்றார்கள். உபதேசம் கேட்க வந்தவர்களை அவர் முதலில் வெங்காயம் உரிக்கச் சொன்னார்.

"யாருக்கு மனசு குறுகல்?" அம்மா ஒரு கிண்ணம் வெங்காயத்தை அவர் பக்கம் தள்ளினார்.

"என் வீட்டுக்காரி தில்லைநாயகிக்குத்தான்."

"என்ன செஞ்சாங்க?"

"கட்டிலை அறுக்க விடமாட்டேங்கிறா."

அம்மா நிமிர்ந்து பார்த்தார்.

விஷயம் இதுதான். பெங்களூரில் இருக்கும் மகள், அப்பாவின் இடுப்புவலிக்கு என்று ஒரு மெத்தை அனுப்பியிருந்தாள். ஆறடி அகலம். வீட்டில் இருந்த கட்டிலோ மூன்றரை அடி. நல்ல தேக்கு. தில்லைநாயகியின் அப்பா கல்யாணத்தில் சீராகக் கொடுத்தது.

குறுக்குச் சட்டங்களை அறுத்து, நடுவில் புதுக்கட்டை சேர்த்து அகலமாக்கிவிடலாம் என்பது மாசிலாமணியின் திட்டம்.

சீர்க் கட்டிலில் ரம்பம் படக்கூடாது, பட்டால் கொடுத்த வீட்டுக்கும் ஆகாது, வாங்கிய வீட்டுக்கும் ஆகாது என்பது தில்லைநாயகியின் கட்சி.

"போன வாரம்தானே சொன்னீங்க, இந்த உடம்பு நான் இல்லைன்னு? இப்ப மெத்தை யாருக்கு?"

"இடுப்புக்கும்மா."

"திருப்பி அனுப்பிடலாமே?"

"உறையைக் கிழிச்சாச்சு."

"இப்ப எங்கே படுக்கிறீங்க?"

"மெத்தையை ஹால்ல போட்டு நான் படுக்கிறேன். அவ வெறும் கட்டில்ல ஜமுக்காளத்தை விரிச்சுப் படுக்கிறா. பேச்சுவார்த்தை கிடையாது. எனக்குச் சொல்ல வேண்டியதைக் குக்கர்கிட்ட சொல்றா. 'குக்கரே, சாப்பாடு ஆறிப்போகுதுன்னு சொல்லு'ங்கிறா."

"குக்கர் என்ன சொல்லுது?"

"சிரிக்காதீங்கம்மா. தை பிறந்ததும் காரைக்குடியில தங்கச்சி வீட்டோட போய் இருந்துடப் போறாளாம். பெட்டியை இறக்கித் துடைச்சு வச்சிருக்கா." அவர் குரல் கொஞ்சம் இறங்கியது. "முப்பத்தஞ்சு வருஷம்."

அம்மா எழுந்துபோய் அடுப்பிலிருந்து ரசச் சட்டியை இறக்கினார். சின்னச் சட்டி. அதற்கு மூடி இல்லை. ஒரு பெரிய தாம்பாளத்தை எடுத்து அதன்மேல் கவிழ்க்காமல் அப்படியே வைத்தார். தாம்பாளத்தில் நறுக்கிய வாழைக்காயைப் பரப்பினார்.

மாசிலாமணி தாம்பாளத்தைப் பார்த்தார். சட்டியைப் பார்த்தார்.

"பலகை!" என்று கத்தினார்.

செருப்பைக்கூடப் போடாமல் ஓடினார். வெங்காயம் அப்படியே கிடந்தது.

*

அடுத்த வியாழக்கிழமை வந்தார். முகம் சரியில்லை.

"பலகை போட்டீங்களா?"

"போட்டேன். ஆறடிக்கு ஒரே பிளைவுட். கட்டில்ல ஒரு கீறல் இல்லை. மெத்தை ஜம்முனு உட்கார்ந்துடுச்சு. 'கட்டிலுக்கு ஒண்ணும் ஆகலைன்னா எனக்கென்ன'ன்னு குக்கர்கிட்ட சொல்லிட்டு அவளும் வந்து படுத்தா."

"அப்புறம் என்ன?"

"விடிஞ்சதும் நான் எழுந்தேன். உடனே அவளும் இறங்கிட்டா."

"நல்ல மனைவி."

"இறங்கலைம்மா. விழுந்தா."

வெங்காயத்தோடு அம்மாவின் கை நின்றது.

"ரெண்டு பக்கமும் ஒண்ணேகால் அடி சும்மா நீட்டிக்கிட்டு இருக்கு. ஒருத்தர் மட்டும் ஓரத்துல உட்கார்ந்தா அந்தப் பக்கம் சாயுது, எதிர்ப்பக்கம் தூக்குது. அவ ஓரமா படுத்திருந்தா. நான் எழுந்தேனா, அவ தலையணையோட போய்ட்டா."

"அடி பட்டுதா?"

"தலையணை காப்பாத்திடுச்சு. என்னைத்தான் காப்பாத்த ஆள் இல்லை. 'எழுந்திரிச்சா எழுந்திரிக்கிறேன்னு வாயைத் திறந்து சொல்ல மாட்டீங்களா, ஜடம்'ன்னு கத்தினா."

"யார்கிட்ட?"

"என்கிட்டத்தான்..." மாசிலாமணி நிறுத்தினார். வாய் திறந்தபடியே இருந்தது.

"வெங்காயம் உரிங்க" என்றார் அம்மா.

*

அதற்கடுத்த இரண்டு வியாழன் அவர் வரவில்லை. மூன்றாவது வாரம் மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் வந்து வாசலிலேயே நின்றார். கையில் பூப்பொட்டலம். சாமிக்கு என்று நினைத்து அம்மா கையை நீட்டினார். மாசிலாமணி பொட்டலத்தைப் பையில் போட்டுக்கொண்டார்.

"உள்ளே வாங்க. கட்டில் எப்படி இருக்கு?"

"ஆசாரியைக் கூப்பிட்டேன். பலகையைக் கட்டிலோட நாலு திருகாணி போட்டு முறுக்கிட்டா அசையாதுன்னார். இவ விடலை. சீர்க் கட்டிலுக்கு ரம்பமே ஆகாதாம், திருகாணி ஆகுமான்னு அவரைக் காப்பி கொடுத்து அனுப்பிட்டா."

"அப்ப எப்படித்தான் படுக்கிறீங்க?"

"அவ அந்தப் பக்கம் நிப்பா. நான் இந்தப் பக்கம் நிப்பேன். 'உட்காருங்க'ம்பா. சேர்ந்து உட்காருவோம். ராத்திரி நான் பாத்ரூம் போகணும்னா எழுப்பிச் சொல்லணும். அவ திட்டிக்கிட்டே நடுவுல நகர்ந்துக்குவா. தூக்கம் கலைஞ்சிடும். அப்புறம் என்ன, தூக்கம் வர்ற வரைக்கும் பேசிக்கிட்டிருப்போம்."

"என்ன பேசுவீங்க?"

"உங்களைப் பத்தித்தான். இவ்வளவு வருஷமா அந்த ஆசிரமத்துக்குப் போய் வெங்காயம் உரிக்கிறதைத் தவிர என்ன கத்துக்கிட்டீங்கன்னு கேட்டா."

"என்ன சொன்னீங்க?"

"யோசிச்சுச் சொல்றேன்னேன்."

"காரைக்குடி?"

"தங்கச்சி போன் பண்ணினா, எப்பக்கா வர்றேன்னு. 'நான் வந்துட்டா இந்த மனுஷன் உட்கார்ந்த வேகத்துக்குக் கீழே விழுந்து கிடப்பார், தூக்க ஆள் இருக்காது'ன்னு சொல்லிட்டா. பொங்கலுக்கு அவங்க இங்கே வர்றாங்க."

அம்மா வெங்காயக் கிண்ணத்தை ஒதுக்கி வைத்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்.

"மாசிலாமணி, இதுக்குச் சுலபமா ஒரு வழி இருக்கு. கட்டிலைத் தொடவே வேண்டாம். பலகைக்கு அடியில ரெண்டு பக்கமும் தரையிலேருந்து முட்டு..."

மாசிலாமணி அவசரமாகக் கையெடுத்துக் கும்பிட்டார்.

"அப்புறம் சொல்லுங்கம்மா. அவ சாப்பிட்டுட்டுக் கண்ணயர்ற நேரம் ஆகப்போகுது. நான் போற வரைக்கும் கட்டில்கிட்ட நின்னுக்கிட்டே இருப்பா."