உளுத்த மரத்துக் குடும்பம்

மலையடிவார மடம் ஒன்றில் அடுக்களை பார்த்த பூதலிங்கம் முதன்முதல் சொல்லி, பின் பலர் வாய்வழி வந்த கதை இது.

"அம்மா, இன்னைக்கும் ஒண்ணு செத்துப்போச்சு."

தாணு ஐயாவின் உள்ளங்கையில் வெளிறிய பூச்சிக் குஞ்சு ஒன்று கிடந்தது. உளுந்தளவுதான் இருக்கும்.

மடத்தின் தலைவி நல்லநாயகி அவரைவிட இருபது வயது இளையவர். ஆயினும் தாணு ஐயாவுக்கு அவர்தான் அம்மா, அவர்தான் குரு.

"இன்னைக்கும்னா? இதுக்கு முன்னாலயும் செத்துதா?"

"கொஞ்ச நாளாவே சாகுது. சொல்லப் பயமா இருந்துது. மாமரத்தடியில புதைச்சிட்டு வந்துருவேன்."

பயந்ததற்குக் காரணம் உண்டு. அம்மடத்தில் தங்க வருபவருக்குத் தலைவி தம் கையால் ஓர் உயிரைக் கொடுப்பார். மழைக்காலம் முழுவதும் அதைக் காக்க வேண்டும். தை பிறக்கையில் அது உயிரோடிருந்தால் வந்தவர் தங்கலாம். இல்லையேல் மலையிறங்க வேண்டும்.

ஒருவருக்குக் கன்றுக்குட்டி கிடைத்தது. இன்னொருவருக்கு மல்லிகைப் பதியன்.

தாணு ஐயாவுக்குக் கிடைத்தது உளுத்த மரத்துண்டு ஒன்று. அதனுள்ளே காட்டு மரக்கரப்பான் குடும்பம்.

ஓய்வு பெறும்வரை அவர் நகராட்சியில் சுகாதார ஆய்வாளர்.

"ஊர்ச் சாக்கடைக்கெல்லாம் மருந்தடிச்ச கை," என்று பூதலிங்கம் அன்றே சொன்னான். "இப்போ கரப்பானுக்குத் தொட்டில் ஆட்டுது. ஆட்டும் ஓய், நல்லா ஆட்டும்."

தாணு ஐயா சிரிக்கவில்லை. மனைவி போய்விட்டாள், வீடும் கைவிட்டுப் போயிற்று. மலைக்குக் கீழே அவருக்காகக் கதவு திறக்க ஒருவரும் இல்லை.

"என்னென்ன செஞ்சீங்க?" என்று கேட்டார் நல்லநாயகி.

இதற்கு மட்டும் தாணு ஐயாவின் குரல் நிமிர்ந்தது.

"ஒரு குறையும் வைக்கலை. விடிஞ்சதும் பொந்தைத் துடைச்சுருவேன். எச்சம், மரத்தூள் ஒண்ணும் விடறதில்லை. பெரிசு ரெண்டுக்கும் சீக்கு. அதுகளைத் தனியாப் பிரிச்சுப் போத்தல்ல வச்சிருக்கேன். குஞ்சுகளுக்கு ஒட்டிரக் கூடாதில்லையா?"

"சீக்குன்னு எப்படித் தெரிஞ்சுது?"

"ரெக்கை பிஞ்சு போயிருக்கே, அம்மா. ரெண்டுக்கும். அடிக்கட்டைதான் மிச்சம்."

நல்லநாயகி எழுந்தார். "போத்தலை எடுத்துட்டு வாங்க," என்றார்.

விறகுக் கொட்டகையில், சுற்றிலும் சுண்ணாம்புக் கோடு இழுத்த இடத்தில், மரத்துண்டு இருந்தது. பொந்து தேய்த்துவைத்த பாத்திரம்போல் இருந்தது. குஞ்சுகள் ஒரு மூலையில் ஒடுங்கிக் கிடந்தன.

போத்தலுக்குள் பெரியவை இரண்டும் மெல்ல ஊர்ந்துகொண்டிருந்தன.

நல்லநாயகி அவற்றை உற்றுப் பார்த்தார்.

"இது சீக்கில்லை, ஐயா. புது மரத்துக்குள்ள சோடியா நுழைஞ்சதும், இதோட ரெக்கையை அது தின்னுரும். அதோட ரெக்கையை இது தின்னுரும். அப்புறம் பறக்கிற பேச்சே இல்லை. புள்ளை பெத்து வளக்கிறதெல்லாம் அந்த மரத்துக்குள்ளதான்."

தாணு ஐயா போத்தலின் மூடியைப் பிடித்துத் திருகினார்.

"அப்போ நான் பிரிச்சது..."

மூடி அவர் விரலுக்கு வழுக்கிக்கொண்டே போயிற்று. நல்லநாயகி கை கொடுக்கவில்லை.

தாணு ஐயா ஒருவழியாகத் திறந்து, போத்தலைப் பொந்தின் வாயில் சாய்த்தார். முதலில் ஒன்று இறங்கியது. பிறகு மற்றது.

மூலையில் ஒரு குஞ்சு அசைந்தது. தட்டுத்தடுமாறி ஓடிவந்து, தாயின் வாயோடு தன் வாயை வைத்தது. இன்னொன்று அதை முட்டித் தள்ளியது.

"என்ன பண்ணுது, அம்மா?"

"சாப்பிடுது. மரத்தைத் தின்னு தானாச் செரிச்சுக்கிற வயசு அதுக்கு இன்னும் வரலை. பெத்தவங்க வாயில ஊறறதுதான் அதுக்குச் சோறு. நீங்க துடைச்சு எடுத்த மரத்தூளும் எச்சமும்தான் அதுக்குப் படுக்கை."

எச்சில் ஆபத்து என்று ஊர்ச் சுவரெல்லாம் எழுதிவைத்தவர் மூச்சுவிடாமல் குனிந்து பார்த்தார்.

சில குஞ்சுகள் வந்தன. சில, கிடந்த இடத்திலேயே கிடந்தன.

"பிழைச்சுருமா?"

"தெரியாது."

"பிழைக்கலேன்னா நான் கீழ இறங்கணும்."

"நானும்தான்."

தாணு ஐயா நிமிர்ந்தார்.

"கொடுத்தவளும் கூடவே இறங்கணும்ங்கிறதுதான் இங்க வழக்கம். பூதலிங்கம் சொல்லலையா?"

கொட்டகையின் தகரத்தில் மழை வலுத்தது.

"அம்மா, நீங்களும் இறங்கணும்ங்கிறதை முதல்லயே எங்கிட்டச் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா," என்றார் நல்லநாயகி, "இன்னும் நல்லாத் துடைச்சிருப்பீங்க."