வட்டி நின்ற நாள்

நாச்சிமுத்துவால் உட்கார முடியவில்லை.

காலைத் தியானத்துக்கு மணி அடித்ததும் எல்லோரோடும் போய் உட்காருவார். கண்ணை மூடுவார். சற்று நேரத்தில் விரல்கள் தொடையின்மேல் நகர ஆரம்பிக்கும். கூட்டல், பெருக்கல். தவறு என்று தோன்றினால் முதலிலிருந்து. பிறகு எழுந்து வெளியே போய்விடுவார். வேலியோரமாக அந்த முனைக்கும் இந்த முனைக்கும் நடப்பார்.

காங்கேயம் பக்கத்தில் இருந்த அந்தச் சின்ன ஆசிரமத்தை நடத்தியவர் பூங்கோதை அம்மா. நாச்சிமுத்துவைவிட இருபது வயது இளையவர். ஆனாலும் நாச்சிமுத்துவுக்கும் அவர் 'அம்மா'தான். மனைவி இறந்த பிறகு நாச்சிமுத்து இங்கே வந்து சேர்ந்தார். வந்தபோது அமைதியாகத்தான் இருந்தார். இந்த நடை சமீபத்தில் வந்தது.

ஒருநாள் அம்மாவும் வேலியோரமாகக் கூடவே நடந்தார்.

"என்ன கணக்குங்க ஐயா?"

அவர் நிற்காமல் சொன்னார்.

அவருக்கும் அவர் அண்ணன் வேலப்பனுக்கும் பொதுவாக நாலு ஏக்கர் இருந்தது. தொழிற்பேட்டைக்கென்று அரசாங்கம் எடுத்துக்கொண்டது. கொடுத்த விலை கட்டுப்படியாகவில்லை. கூடுதல் இழப்பீடு கேட்டு வழக்குப் போட்டார்கள். நடுவில் அண்ணன் இறந்துபோனார். அதன்பின் ஈரோட்டுக்கும் சென்னைக்கும் இவர் ஒருவரே அலைந்தார். தலை நரைத்த பிறகு தீர்ப்பு வந்தது. விலையைக் கூட்டித் தரவேண்டும், கூட்டிய தொகைக்கு வட்டியும் தரவேண்டும் என்று. இத்தனை வருஷத்தில் வட்டி அசலைப்போல நாலு மடங்கு ஆகியிருந்தது. பணத்தைக் கோர்ட்டில் கட்டியும் விட்டார்கள். எடுக்க வேண்டியதுதான் பாக்கி. அதற்கு இவர் கையெழுத்து வேண்டும், அண்ணன் மனைவி மயிலாத்தாளின் கையெழுத்தும் வேண்டும்.

"அசல்ல நங்கையாவுக்குப் பாதி," என்றார் நாச்சிமுத்து. அண்ணன் மனைவியை அவர்கள் பக்கத்தில் நங்கையா என்பார்கள். "அதுல நான் ஒண்ணும் சொல்லல. நெலம் ரெண்டு பேருது. ஆனா வட்டி என்னுதுங்கம்மா. அது அலைஞ்சதுக்கு வந்த காசு. அலைஞ்சது நான்."

"சரி."

"எம் பொண்ணு பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில கெடந்தப்ப நான் ஐகோர்ட்டு வராண்டாவுல உக்காந்திருந்தேன். அன்னிக்குக் கேசைக் கூப்பிடவே இல்லை."

அம்மா தலையசைத்தார்.

"பின்ன எடுத்துக்க வேண்டியதுதானுங்களே."

"எடுத்துக்கலாம். ஆனா உக்கார முடியல, படுக்க முடியல. நீங்க சொல்லுங்கம்மா. வட்டி யாருக்குச் சேரும்?"

"அவங்களைக் கேட்டீங்களா?"

நாச்சிமுத்து பையைத் திறந்து மடித்த காகிதம் ஒன்றைக் காட்டினார். வட்டியில் எனக்குப் பாத்தியம் இல்லை என்று மயிலாத்தாள் எழுதிக்கொடுப்பதாக வக்கீல் தயார்செய்து கொடுத்தது.

"இதுல கையெழுத்து வாங்கிட்டு அப்புறம் பணம் கட்டுன விசயத்தைச் சொல்லலாம்னு இருக்கேன்."

"காட்டுனீங்களா?"

"இன்னும் இல்லீங்க."

அம்மா உள்ளே போய்க் குடையை எடுத்துக்கொண்டு வந்தார்.

"வாங்க. வாங்கிட்டு வந்துரலாம்."

வெள்ளகோவில் பஸ்ஸில் இடம் இருந்தது. நாச்சிமுத்து நின்றுகொண்டே வந்தார்.

மயிலாத்தாள் ஒரு கொப்பரைக் களத்தில் வேலை செய்தாள். ஏக்கர் கணக்கில் சிமெண்டுத் தரை. உடைத்த தேங்காய்கள் வெயிலைப் பார்த்துக் கிடந்தன. தகரக் கூரையின் கீழே பெண்கள் வரிசையாக உட்கார்ந்து, காய்ந்த பருப்பைச் சிரட்டையிலிருந்து இரும்பால் நெம்பி எடுத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் மூத்தவளான மயிலாத்தாள் எழுந்து வந்தாள். கையை முந்தானையில் துடைத்துக்கொண்டாள்.

"வாங்க கொழுந்தனாரே. வாங்கம்மா. வெயில்ல வந்திருக்கீங்களே."

சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். பேத்தி நர்சிங் படிப்பதைச் சொன்னாள். நாச்சிமுத்துவின் சர்க்கரை எப்படி இருக்கிறது என்று கேட்டாள். அவர் பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார்.

"நெலம் போனப்புறம் எப்படிங்க பொழச்சீங்க?" என்று அம்மா கேட்டார்.

"எப்படியோ பொழச்சோமுங்க. அவரு லாரிக்குப் போனாரு. கிட்னி ரெண்டும் போயிருச்சு. கோயமுத்தூர் ஆஸ்பத்திரிக்குக் கடன் வாங்கினோம். கோர்ட்டுப் பணம் வந்துரும், வந்ததும் குடுத்தர்றோம்னு சொல்லித்தான் வாங்கினது. அஞ்சு வட்டி."

"வருசத்துக்கா?"

"மாசத்துக்குங்க. நூத்துக்கு அஞ்சு." அவள் களத்தின் பக்கம் கையைக் காட்டினாள். "அவரு போயிட்டாரு. கடன் போகல. இங்க உக்காந்துதான் கட்டுனேன். போன வருசத்துக்கு முந்தின வருசம் முடிஞ்சுது."

நாச்சிமுத்து நிமிர்ந்தார்.

"எங்கிட்டச் சொல்லவே இல்லையே, நங்கையா."

"நீங்களே கோர்ட்டு கோர்ட்டுனு அலைஞ்சிட்டிருந்தீங்க. உங்ககிட்ட வேற எதுக்குன்னு விட்டுட்டேன்." பிறகு, சாதாரணமாகக் கேட்டாள். "கேசு எப்படி இருக்குதுங்க?"

அவர் பையின் ஜிப்பை இழுத்தார். பாதி திறந்தது. அப்படியே கையை வைத்துக்கொண்டு நின்றார்.

"நடந்துட்டு இருக்குது," என்றார்.

அம்மா அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

"நடக்கட்டும்," என்றாள் மயிலாத்தாள். "வந்தா மொதல்ல உங்க செலவை எடுத்துக்குங்க. வக்கீலுக்குக் குடுத்தது, போக்குவரத்து எல்லாம். மிச்சத்தைப் பொறவு பாத்துக்கலாம்."

அவர் பதில் சொல்லுமுன் மேஸ்திரி கத்தினான். மேற்கே வானம் கறுத்திருந்தது. கோடை மழை வரும்போது சொல்லிக்கொண்டு வராது. பெண்கள் எல்லோரும் எழுந்து ஓடினார்கள். நனைந்தால் கொப்பரை பூசணம் பிடித்துவிடும். மயிலாத்தாள் தார்ப்பாயின் ஒரு முனையைப் பிடித்து இழுத்தாள். அவளால் தனியாக இழுக்க முடியவில்லை. அம்மா போய் இன்னொரு முனையைப் பிடித்தார். நாச்சிமுத்துவும் பையைக் கீழே போட்டுவிட்டு ஓடினார். மூச்சு வாங்க இழுத்தார். செங்கல் எடுத்து ஓரத்தில் வைத்தார். காற்றில் தார்ப்பாய் அவர் முகத்தில் அடித்தது. மறுபடியும் பிடித்தார்.

நாலு தூறல் விழுந்தது. மேகம் தாராபுரம் பக்கமாகப் போய்விட்டது.

எல்லாவற்றையும் திரும்பப் பிரித்துப் போட வேண்டியிருந்தது. மயிலாத்தாள் அவர்களிடம் சொல்லிக்கொண்டு வேலைக்குப் போனாள்.

பஸ் நிறுத்தத்தில் நிழல் இல்லை. அம்மா குடையை விரித்தார். நாச்சிமுத்து குடைக்குள் வரவில்லை. ரோட்டோரம் கொஞ்சதூரம் நடந்து போனார், திரும்பி வந்தார்.

"என்ன இருந்தாலும் அலைஞ்சது நாந்தானேம்மா," என்றார்.

"ஆமாங்க. அரசாங்கம் உங்களுக்கு எந்த நாள்ல இருந்து வட்டி போட்டிருக்குது?"

"நெலத்தை எடுத்த நாள்ல இருந்து."

"நீங்க அலைய ஆரம்பிச்ச நாள்ல இருந்து இல்லீங்களா?"

"இல்லீங்க. எடுத்த நாள்ல இருந்துதான்."

அவர் மறுபடியும் நடந்தார். இந்தத் தடவை பாதியிலேயே திரும்பினார்.

"எதுவரைக்கும்?" என்று அம்மா கேட்டார்.

"கோர்ட்டுல பணம் கட்டுன நாள் வரைக்கும்."

"எப்பக் கட்டுனாங்க?"

"தை மாசம்."

பங்குனி வெயில் தார் ரோட்டில் அலையடித்தது.

"தைக்கு அப்புறம் வட்டி இல்லைங்களா?"

"அதெப்படிங்க கேக்க முடியும்? அவங்க குடுத்துட்டாங்க. அதுக்கப்புறமும் கைக்கு வந்து சேரலைன்னா அது அவங்க பொறுப்பில்லை."

"மயிலாத்தாளுக்கு வந்து சேரலையே."

நாச்சிமுத்து நின்றார். ஒரு லாரி தூசியைக் கிளப்பிக்கொண்டு போயிற்று.

"நூத்துக்கு எவ்வளவு போடறாங்க?" என்றார் அம்மா.

"மொதல் வருசம் ஒம்பது. வருசம் தாண்டிட்டாப் பதினஞ்சு."

"ஏனுங்க அப்படி?"

"ஒரு வருசம்னா ஏதோ தாமதம்னு விட்டுரலாம். அதுக்கு மேல போனா வேணும்னே இழுத்தடிக்கறதுதானே."

சொல்லிவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு வெகுநேரம் நடக்கவில்லை. குடைக்குப் பக்கத்திலேயே வெயிலில் நின்றார்.

தூரத்தில் காங்கேயம் பஸ் வளைவில் திரும்பியது.

"அம்மா, ரெண்டு மாசமா மறைச்சு வெச்சிருக்கேன். இப்பக்கூட அவங்க கேட்டப்பப் பொய் சொல்லிட்டு வந்திருக்கேன். திரும்பிப் போயி எந்த மூஞ்சியோட சொல்லுவேன்?"

அம்மா குடையை மடக்கினார்.

"ரெண்டு மாசந்தானுங்களே ஆச்சு. மொதல் வருசம் ஒம்பதுதானுங்களே, ஐயா."

பஸ் வந்து நின்றது. அம்மா மட்டும் ஏறினார்.