நகராத கேமரா

"பத்தொன்பது வருஷமா உங்க கேமராவுக்குப் பக்கத்துல நிக்கிறேன். இன்னும் உதவியாளன்தான்" என்றார் முராய்.

ஒளிப்பதிவாளர் ஹதனாகா தேநீரை ஊதிக் குடித்தார்.

"என்னோட சேர்ந்தவங்க எல்லாம் தனியா படம் பண்றாங்க, ஐயா. புதுப் படத்துக்கு என் பேரு அடிபடுது. இன்னைக்கு நீங்க ஒரு வார்த்தை சொன்னா போதும்."

"ஷாட் முடியட்டும்."

முராய்க்கு வயது நாற்பத்தாறு. நடிகர் நிற்கும் தூரத்தை நாடாவால் அளந்து, உருவம் தெளிவாக விழும்படி லென்ஸைத் திருப்புவது அவர் வேலை. வியூஃபைண்டரில் கண் வைக்கும் உரிமை அந்த கியோட்டோ ஸ்டூடியோவில் ஒளிப்பதிவாளருக்கு மட்டும்தான்.

ஹதனாகாவின் கடைசி மூன்று படங்களில் கேமரா அசையவே இல்லை. என்ன முதிர்ச்சி என்று விமர்சகர்கள் பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார்கள்.

அரங்கில் நடிகை ஜன்னலோரம் உட்கார்ந்தாள். ஹதனாகா கண்ணை வியூஃபைண்டரில் வைத்துக்கொண்டு, வழக்கம்போல் கேட்டார்.

"எங்க இருக்கா?"

"ஏழு அடி. ஜன்னலுக்கு இடப்பக்கம்."

"வெளிச்சம்?"

"கன்னத்துல இருக்கு. கண்ணுல விழல. விளக்கை ஒரு சாண் இறக்கணும்."

"இறக்கு."

முராய் இறக்கினார். அதோடு அவர் பொறுமையும் போய்விட்டது.

"பள்ளிக்கூடப் பையனைக் கேக்குற மாதிரி தினமும் கேக்குறீங்க. ஒரே ஒரு தடவை நான் உள்ள பாக்கட்டுமா?"

ஹதனாகா நகர்ந்து இடம் விட்டார்.

முராய் கண் வைத்தார். அவர் மனதில் போட்டு வைத்திருந்த காட்சி அப்படியே உள்ளே இருந்தது. ஒரு நூல்கூட மாறவில்லை. அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருந்தது.

"என்ன தெரியுது?" என்றார் ஹதனாகா.

"இப்பத்தானே நீங்க பாத்தீங்க?"

"இல்ல."

"சோதிச்சது போதும், ஐயா."

"சோதிக்கல. தெரியாமத்தான் கேக்குறேன். மூணு படமா."

அவர் முராயின் கையிலிருந்த நாடாவை வாங்கிக்கொண்டு நடிகையை நோக்கி நடந்தார். அவளைத் தாண்டிப் போய், ஜன்னல் சட்டத்தில் முட்டிக்கொண்டு நின்றார்.

முராய் கேமராவிலிருந்து நிமிர்ந்தார்.

"கேமரா தயாரா?" என்று கத்தினார் இயக்குநர்.

அந்தக் கேள்விக்கு எப்போதும் ஹதனாகாதான் பதில் சொல்வார். இன்று அவர் நாடாவைப் பிடித்தபடி ஜன்னலோரமே நின்றார்.

இயக்குநர் மறுபடியும் கேட்டார்.

"தயார்" என்றார் முராய்.