முன்பக்கம் இல்லாத பரிசல்

காவிரிக் கரையில் மாதம்மா என்று ஒரு பரிசல்காரி. பரிசலில் போகிறவர்கள் பத்திரமாகக் கரைசேர வேண்டும் என்று சட்டமன்றம் சட்டம் போட்டது. அதற்கான விதிகளை எழுதிய ஆணையர் ராஜமன்னார், முன்பக்கம் வெள்ளையும் பின்பக்கம் சிவப்பும் பூசாத பரிசலுக்கு உரிமம் இல்லை என்றுவிட்டார். பரிசலோ கூடை மாதிரி வட்டம். ஊரிலிருந்த பதினோரு பரிசல்களும் கரையில் கவிழ்ந்து கிடந்தன. வீடுகளில் ஒருவேளைச் சாப்பாடுதான்.

மாதம்மா மனுப் போட்டாள். அதிகாரிகள் எழுதும் விதிகள் சட்டத்துக்குப் பொருந்துகின்றனவா என்று பார்க்கும் சட்டமன்றக் குழு ஆற்றங்கரைக்கே வந்தது.

“விதி விதிதான். இவளுக்கு என்ன புரியும்?” என்றார் ஆணையர்.

“புரியலைங்கய்யா. நீங்களே ஏறி முன்பக்கத்தைக் காட்டுங்க, இப்பவே பூசிடறேன்.”

குழு பார்க்கிறதே என்று ஏறினார். நடு ஆற்றில், “இதுதான் முன்பக்கம்” என்று தொட்டுக் காட்டினார். மாதம்மா அங்கே வெள்ளை பூசிவிட்டுத் துடுப்பு போட்டாள். பரிசல் அரைவட்டம் சுற்றியது. வெள்ளை பின்னால் போயிற்று. மறுபக்கத்தைக் காட்டினார். மறுபடியும் சுற்றியது. ஆணையருக்குத் தலையும் சுற்றியது.

“அம்மா, கரைக்குப் போம்மா!”

“போறேங்கய்யா. முன்பக்கமாப் போகவா, பின்பக்கமாப் போகவா?”

கரையில் குழுவே சிரித்துவிட்டது. “இதற்குமுன் பரிசலில் ஏறியிருக்கிறீர்களா?” என்று, கரையேறியவரைக் குழுத் தலைவி கேட்டார். ஆணையர் இல்லையென்று தலையாட்டினார்.

குழுவின் பரிந்துரைப்படி விதி ரத்தானது. ஆளுக்கொரு லைஃப் ஜாக்கெட் வேண்டும் என்ற புதிய விதியையும் ராஜமன்னார்தான் எழுதினார். அதைப் படிக்கச் சொல்லிக் கேட்ட மாதம்மா சொன்னாள்:

“இதை எழுதினவரு ஆத்தைப் பாத்திருக்காரு.”