அஞ்சு நிமிஷத்துல ஒரு கொலை

ஓடிடி கம்பெனித் தலைவர் ஹர்ஷவர்தன், கதை சொல்ல வர்றவங்ககிட்ட எல்லாம் ஒரே சட்டம்தான் பேசுவார். "அஞ்சு நிமிஷத்துல ஒரு கொலை விழணும். இல்லேன்னா ஜனங்க வேற படத்துக்குப் போயிடுவாங்க."

அசிஸ்டண்ட் டைரக்டர் சடையப்பன்கிட்ட இருந்ததோ கல்யாண வீட்டுக் காமெடி. இதுவும் போச்சுன்னா ஊருக்கு பஸ் ஏற வேண்டியதுதான். ஆனாலும் நிதானமா சொல்லிக்கிட்டே போனான். "பந்தியில இலை போட்டாச்சு சார். சமையல்காரரைக் காணோம். பொண்ணோட அப்பா ஓடிப்போய் ஸ்டோர் ரூம் கதவைத் திறக்கிறார்..."

அங்கேயே நிறுத்திட்டு, பையை எடுத்துக்கிட்டு எழுந்தான்.

"யோவ், எங்கய்யா போற? உள்ளே என்ன?"

"அஞ்சு நிமிஷம் எப்பவோ தாண்டிடுச்சு சார், ஒருத்தரும் சாகல. நீங்க இந்நேரம் வேற படத்துக்குப் போயிருப்பீங்களே!"

ஹர்ஷவர்தனுக்கே சிரிப்பு வந்துடுச்சு. "சரி, படம் உனக்குத்தான். இப்பவாவது சொல்லித் தொலை, உள்ளே என்ன?"

"ஸ்க்ரீன்ல பாருங்க சார்."

வெளியே வந்தப்புறம்தான் சடையப்பன் யோசிக்கவே ஆரம்பிச்சான், உள்ளே என்ன வைக்கலாம்னு.