வைத்திலிங்கம் வரவில்லை

குருவுக்கு வயது முப்பத்திரண்டு. சீடருக்கு ஐம்பதைத் தொட இன்னும் ஒரு வருடம் பாக்கி. காலம் அப்படி.

குருவின் பெயர் பிலோமினா. திருச்சி தில்லைநகரில், ஒரு மெடிக்கல் ஷாப்புக்கு மேல்மாடியில், இணையதளங்களைச் சோதித்துக் கொடுக்கும் சின்ன அலுவலகம் நடத்துகிறார். சீடர் தணிகாசலம் அதற்கு முன்பு டிராவல்ஸில் ரயில் டிக்கெட் போட்டுக்கொண்டிருந்தவர். தட்கல் திறந்த மாத்திரத்தில் பெயரைத் தட்டிப் பட்டனை அழுத்துவதில் அவர் விரலுக்கு ஈடில்லை என்று ஊருக்குள் பேச்சு. இப்போது எல்லாரும் அவரவர் போனிலேயே தட்டிக்கொள்கிறார்கள். அதனால் அந்த விரல் இங்கே வந்து சேர்ந்தது.

இங்கே விரலுக்கு வேலையே இல்லை. ஆளில்லாமல் பிரவுசரை ஓட்டுவதற்கென்றே லைப்ரரி ஃபைல்கள் இருக்கின்றன. அவற்றை வைத்துக்கொண்டு நாலு வரி எழுதிவிட்டால் போதும். பக்கம் தானே திறக்கும், பெயர் தானே விழும், பட்டன் தானே அழுந்தும். எல்லாம் ஒழுங்காக நடந்தால் கடைசியில் பச்சை. எங்காவது இடறினால் சிவப்பு. தணிகாசலத்துக்குச் சிவப்பு என்றால் ஆகவே ஆகாது.

ஒரு நாள் காலை, டீ வந்த நேரத்தில் சீடர் கேட்டார்.

“மேடம், ஒரு சந்தேகம். ஒரு பட்டன் வர்ற வரைக்கும் புரோகிராமை எவ்வளவு நேரம் காத்திருக்கச் சொல்லலாம்?”

“எந்தப் பட்டன் சார்?”

“அந்த டயாலிசிஸ் சென்டர் வேலைதான். காலையில பதிவு திறந்ததும் நம்ம புரோகிராம் போய் ஒரு படுக்கையைப் பிடிச்சுடுது. பிடிச்சதும் அதை ரத்து பண்ணணும். அந்த ரத்து பட்டன் கொஞ்ச நாளா வர லேட்டாகுது.”

உறையூரில் ஓர் அறக்கட்டளை இலவசமாக நடத்தும் சென்டர் அது. சிறுநீரகம் கைவிட்டவர்களின் ரத்தத்தை அங்கே எந்திரம் சுத்தம் செய்து, உடம்பில் தேங்கிய நீரையும் எடுத்துக் கொடுக்கும். வாடிக்கையாக வருகிறவர்கள் போக, பதினோரு மணி ஷிப்டில் ஒரே ஒரு படுக்கை பொதுவுக்குத் திறக்கும். முந்தினவருக்கு அது. பதிவுத் தளம் சரியாக ஓடுகிறதா என்று தினமும் பார்ப்பது தணிகாசலத்தின் வேலை. நிஜத் தளத்தில் கைவைத்துவிடக் கூடாதே என்று அச்சு அசலாக இன்னொரு தளத்தைச் சோதனைக்கென்று கொடுத்திருந்தார்கள்.

“இப்ப எவ்வளவு வச்சிருக்கீங்க?” என்றார் குரு.

“ரெண்டு செகண்டு.”

“வரலைன்னா?”

“தாண்டிப் போயிடும். போயும் போயும் ஒரு பட்டனுக்காக மொத்தமும் சிவப்பாகணுமா என்ன? தட்கல்ல ரெண்டு செகண்டுங்கறது ஒரு யுகம் மேடம்.”

சொல்லிவிட்டுத் தானே சிரித்தார். குரு சிரிக்கவில்லை.

“சோதனைத் தளத்துல நம்மளத் தவிர ஈ காக்கா கிடையாது. அங்க எதுக்கு லேட்டாகுது?”

“அதான் புரியலை. முன்னெல்லாம் அந்தத் தளம் விடியக்காலம் ஆனா ஓடாமப் படுத்துக்கும். இப்ப ஒரு நாளும் படுக்கறதில்லை. எல்லாம் என் கைராசி.”

“பதிவு யார் பேர்ல ஆகுது?”

“எங்க அப்பா பேர்லதான். டிராவல்ஸ்ல சேர்ந்தப்ப முதல் டிக்கெட்டே வைத்திலிங்கம்னுதான் போட்டேன். போன மகராசன், ராசியான பேரு.”

“போன் நம்பர்?”

“நம்ம ஆபீஸ் போன்.”

குரு மேஜை இழுப்பறையைத் திறந்தார். சோதனைக்கென்று வாங்கிப்போட்ட பழைய போன் ஒன்று அதில் சத்தமில்லாமல் கிடந்தது. எடுத்துப் பார்த்தார். யாரும் எடுக்காத அழைப்புகள், ஒன்றன் கீழ் ஒன்றாக. எல்லாம் ஒரே எண், அந்தச் சென்டரின் எண். அவர் நெற்றி சுருங்கியது.

“கிளம்புங்க சார்.”

“எங்க மேடம்?”

“எவ்வளவு நேரம் காத்திருக்கலாம்னு கேட்டீங்கல்ல. எனக்கும் தெரியலை. நேர்ல போய்ப் பாத்துடலாம்.”

டீ அப்படியே ஆறியது. குருவின் ஸ்கூட்டரில் சீடர் பின்னால் உட்கார்ந்து போனார்.

சென்டரின் நடையில் மருந்து வாடை. நீளமான இரும்பு பெஞ்சில் ஒரே ஒருவர் உட்கார்ந்திருந்தார். கட்டம்போட்ட லுங்கி, தலையில் தொப்பி. இரண்டு கால்களும் வீங்கி, செருப்புக்குள் நுழையாமல் செருப்பின் மேல் இருந்தன. பக்கத்தில் தணிகாசலம் உட்கார்ந்தார். குரு நின்றுகொண்டே இருந்தார்.

“புதுசுங்களா? யாருக்கு?” என்று பெஞ்சில் இருந்தவரே பேச்சுக்கொடுத்தார்.

“சும்மா பாக்கத்தான் வந்தோம் பாய். உங்களுக்கு இன்னிக்குப் பெட் கிடைச்சிருக்கா?”

“எங்கேருந்து? லால்குடியில கோழி கூவறதுக்கு முந்தியே போனைக் கையில பிடிச்சுக்கிட்டு உக்காந்திருப்பேன். திறக்கறதுதான் தெரியும். பேரைத் தட்டறதுக்குள்ள போயிடும். எவனோ ஒருத்தன் தினம் தினம் பிடிச்சுடறான். பிடிச்சவன் வந்தாலும் பரவால்ல. ஒரு நாளும் வந்ததில்ல.”

தணிகாசலத்துக்கு மனசு கேட்கவில்லை. தொழில் தெரிந்தவர் அல்லவா.

“ஏஜென்ட் வேலையா இருக்கும் பாய். நான் பாத்திருக்கேன். ஈவு இரக்கமே இல்லாதவனுங்க.”

“அதேதான்!”

“பெட் இல்லைன்னு தெரிஞ்சும் எதுக்கு இவ்வளவு தூரம் வந்தீங்க?”

“அவனுக்காக அரை மணி நேரம் பாப்பாங்க. வரலைன்னா இங்க இருக்கறவங்களை மெஷின்ல ஏத்துவாங்க. ஆனா அடுத்த ஷிப்டு ஆளு வந்துட்டா, முடிஞ்சாலும் முடியாட்டியும் எறங்கியாகணும்.” கால்களைக் குனிந்து பார்த்தார். “மிச்சத் தண்ணியெல்லாம் இங்கதான் நிக்குது.”

தணிகாசலம் அந்தக் கால்களைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

“முசிறியிலேருந்து ஒரு அம்மா வருவாங்க. ஒரு நாள் அவங்க, ஒரு நாள் நான்னு எங்களுக்குள்ள பேசி வச்சிருந்தோம். போன வாரத்துலேருந்து ஆளையே காணோம்.”

“என்ன ஆச்சு அவங்களுக்கு?”

“யாருக்குத் தெரியும்? நம்பரு வாங்கி வச்சுக்காமப் போயிட்டேன்.”

கதவு திறந்தது. நர்ஸ் தலையை நீட்டினார்.

“வைத்திலிங்கம்! பெரியதம்பி மகன் வைத்திலிங்கம் வந்திருக்காரா?”

தணிகாசலம் எழுந்து நின்றுவிட்டார். அவரை அறியாமலே எழுந்தார். இதே மாதிரி ஒரு நடையில், இதே மாதிரி ஒரு பெஞ்சில் அப்பாவோடு உட்கார்ந்திருந்ததும், பெயர் கூப்பிட்டதும் கையைப் பிடித்துத் தூக்கியதும் ஒரு கணம் வந்து போயின. பெரியதம்பி அவருடைய தாத்தா பெயர். பெயர் என்றால் நிஜப் பெயர் போலவே இருக்க வேண்டும் என்று அதையும் அவர்தான் புரோகிராமில் எழுதியிருந்தார்.

“அந்தப் படுபாவிதான்!” என்றார் லால்குடிக்காரர். “அவன் வெளங்கவே மாட்டான் பாருங்க.”

தணிகாசலம் கதவையே பார்த்துக்கொண்டு நின்றார்.

நர்ஸ் சலித்துக்கொண்டே எண்ணை அழுத்திப் போனைக் காதில் வைத்தார். குருவின் கையில் அந்தப் பழைய போன் அதிர்ந்தது. போனைச் சீடரிடம் நீட்டினார்.

“உங்க அப்பாவுக்குத்தான் சார்.”

அப்போதுதான் தணிகாசலத்துக்கு நினைவு வந்தது. ஒரு நாள் காலையில் சோதனைத் தளம் படுத்துக்கிடந்தது. எல்லாம் சிவப்பு. இன்றைக்கு மட்டும்தானே என்று புரோகிராமில் தளத்தின் முகவரி இருந்த வரியை மாற்றி நிஜத் தளத்தின் மேல் ஓட்டினார். பச்சையாக வந்தது. சந்தோஷத்தில் டீ குடிக்கப் போனார். திரும்ப மாற்றவே இல்லை. அன்றிலிருந்து தினமும், எந்த மனித விரலும் தொடுவதற்கு முன்னால், அவருடைய நாலு வரி போய் அந்த ஒற்றைப் படுக்கையை எடுத்துக்கொண்டிருந்தது. கூட்டம் மொய்க்கும் நிஜத் தளத்தில் ரத்து பட்டன் வருவதற்குள் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது.

போன் அதிர்ந்துகொண்டே இருந்தது. எடுத்துக் காதில் வைத்தார்.

“ஹலோ, வைத்திலிங்கம் ஐயாவா? சென்டர்லேருந்து பேசறோம். வர்றீங்களா இல்லையா? உங்களுக்காக எவ்வளவு நேரம்தான் ஐயா காத்திருக்கறது?”

குரல் காதிலும் கேட்டது, கதவருகிலும் கேட்டது.

“அவரு வரமாட்டாரும்மா,” என்றார் தணிகாசலம். “அவரு இல்லம்மா. செத்துப் போயிட்டாரு. இங்க இருக்கறவரை உடனே ஏத்துங்க.”

நர்ஸ் திரும்பிப் பார்த்தார். பெஞ்சில் இருந்தவரும் பார்த்தார். போனைப் பார்த்தார், போன் பிடித்திருந்த கையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். திட்டுவார் என்று தணிகாசலம் காத்திருந்தார். அவர் திட்டவில்லை.

“முகைதீன் பாய், வாங்க,” என்றார் நர்ஸ்.

அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு, வீங்கிய கால்களை ஒவ்வொன்றாக எடுத்துவைத்து உள்ளே போனார். கதவு மூடிக்கொண்டது.

குரு அலுவலகத்துக்குப் போன் செய்து அந்தப் புரோகிராமை நிறுத்தச் சொன்னார். பிறகு சென்டர் மேலாளரின் அறைக்குப் போய், நடந்த தப்பு தங்களுடையது என்று மறைக்காமல் சொன்னார். உள்ளே குரல் உயர்ந்தது வெளியில் கேட்டது. வெகுநேரம் கழித்துச் சிவந்த கண்களோடு திரும்பிவந்தார்.

“வாங்க சார், போகலாம்.”

சீடர் பெஞ்சை விட்டு எழுந்திருக்கவில்லை. கண் வாசலிலேயே இருந்தது.

“நீங்க போங்க மேடம். அந்த முசிறி அம்மா வர்றாங்களான்னு பாத்துட்டு வர்றேன்.”

குரு அவர் பக்கத்தில் உட்கார்ந்தார்.

“வரலைன்னா?” என்றார்.