தனராஜியும் விதுவாவும்

குருவுக்கு நாற்பத்தாறு வயது. சீடருக்கு அறுபத்திரண்டு. இப்படித் தலைகீழான குருகுலம் ஒன்று சேலத்தில் ஒரு கல்லூரியின் பூச்சி அறையில் நடந்துவந்தது.

குருவின் பெயர் ஜெசிந்தா. வியர்வைத் தேனீக்களை இனம் பிரித்துப் பெயர் வைப்பதுதான் அவர் வேலை. நம் கையில் வந்து உட்கார்ந்து வியர்வையைக் குடிக்கும், தெரியாமல் அழுத்திவிட்டால் சுருக்கென்று கொட்டும், எறும்பைவிடக் கொஞ்சம் பெரிய கறுப்புத் தேனீ. தேன் தரும் தேனீ என்றால் நாலு பேர் விசாரிப்பார்கள். இதை யார் விசாரிக்கப் போகிறார்கள்? அதனால் அந்த அறைக்கு யாரும் வருவதில்லை.

சீடர் தணிகாசலம் பள்ளியில் ஓவிய ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். தேனீக்களைப் படம் வரைந்து தர வந்தவர், பாடம் கேட்டுக்கொண்டு அங்கேயே தங்கிவிட்டார்.

அந்த அறையில் ஒரு பெட்டிக்குள் ஒரே ஓர் ஊசி. அதில் ஒரே ஓர் ஆண் தேனீ. கீழே சிவப்புச் சீட்டு. எந்த உடலைப் பார்த்து ஓர் இனத்துக்குப் பெயர் வைத்தார்களோ, அதற்கு மட்டும்தான் சிவப்புச் சீட்டு. கல்யாணமான புதிதில் ஜெசிந்தாவின் கணவர் தனராஜ், கொல்லிமலையில் புல் நுனியைக் கவ்வியபடி தூங்கிக்கொண்டிருந்த அதைப் பிடித்து வந்தார். அடுத்த மழைக்காலத்தில் அவரை மஞ்சள் காமாலை கொண்டுபோய்விட்டது. ஜெசிந்தா அந்த இனத்துக்குத் தனராஜி என்று பெயர் வைத்தார்.

வந்த புதிதில் தணிகாசலம் அதைப் படித்துவிட்டுச் சிரித்தார்.

“ராஜின்னா பொம்பள பேராச்சே மேடம்?”

“லத்தீன்ல கடைசி ‘இ’க்கு ‘உடைய’ன்னு அர்த்தம் சார். தனராஜுடையது.”

“அப்ப அது உங்க பேருன்னும் சொல்லலாம்.”

ஜெசிந்தாவும் சிரித்துவிட்டார். அந்த அறையில் அது அபூர்வம்.

பக்கத்துப் பெட்டி நிறையக் கறுப்புப் பெண் தேனீக்கள். பெயர் விதுவா.

“இதுக்கு என்ன அர்த்தம்னு கேக்கவே வேண்டாம் போல.”

“ஆமா சார். விதவைதான். நூறு வருஷத்துக்கு முன்னால ஒரு வெள்ளைக்காரர் வச்சது. உடம்பெல்லாம் கறுப்பு, கூட ஆணையும் காணோம். வச்சுட்டார்.”

இதெல்லாம் பழைய கதை. இந்த ஆவணியில் தணிகாசலம் கொல்லிமலைக்குப் போய்த் தும்பைச் செடிமேல் வலை வீசினார். வலைக்குள் இரண்டு தேனீக்கள், இணைந்தபடியே கிடந்தன. பெண், விதுவா. ஆணை உருப்பெருக்கியில் வைத்து வரையத் தொடங்கினார். பாதியில் கை நின்றுவிட்டது. ஏற்கெனவே வரைந்த கைக்குத் தெரியாதா? வயிற்று நுனியில் அதே கொக்கி, முகத்தில் அதே மஞ்சள். தனராஜி.

ஆணும் பெண்ணும் வேறு வேறு சாயலில் இருந்தால் இந்தத் தொழிலில் நடக்கிற தவறு இது. புருஷனை ஒரு பெட்டியிலும் பெண்டாட்டியை இன்னொரு பெட்டியிலும் வைத்து, இரண்டு இனம் என்று எழுதிவிடுவார்கள். உண்மை தெரிந்தால் முதலில் வைத்த பெயர்தான் நிற்கும். மற்றது விழுந்துவிடும்.

முதலில் வைத்தது விதுவா. அப்படியானால் விழப்போவது தனராஜி. தனராஜ் பிள்ளைகுட்டி இல்லாத மனிதர். அவர் பெயர் உலகத்தில் மிச்சமிருந்த இடம் அது ஒன்றுதான். அதைப் போய் அந்த அம்மாளிடம் எப்படிச் சொல்வது? தணிகாசலம் தேனீக்கள் இருந்த குழாயைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு திரிந்தார்.

கடைசியில் சுற்றி வளைத்துக் கேட்டார்.

“மேடம், தப்புன்னு தெரிஞ்சாலும் பழைய பேரைத்தான் வச்சுக்கணுமா?”

“ஆமா சார்.”

“வெள்ளைன்னு பேர் வச்ச பூச்சி கறுப்பா இருந்தா?”

“பேர் வெள்ளைதான்.”

“விதவைன்னு பேர் வச்சதுக்குப் புருஷன் இருந்தா?”

ஜெசிந்தா இடுக்கியைக் கீழே வைத்தார். கையை நீட்டினார்.

“குடுங்க. வந்ததுலேர்ந்து சட்டைப் பையைத் தொட்டுத் தொட்டுப் பாத்துக்கிட்டிருக்கீங்க.”

குழாயிலிருந்த ஆணை உருப்பெருக்கியில் பார்த்தார். பிறகு சிவப்புச் சீட்டு ஊசியை எடுத்து வைத்துப் பார்த்தார். மறுபடியும் பார்த்தார். வெளியே வகுப்பு விட்டுப் பிள்ளைகள் கத்திக்கொண்டு போகிற சத்தம் கேட்டு ஓய்ந்தது. அவர் தலை நிமிரவில்லை.

தணிகாசலத்துக்குப் பொறுக்கவில்லை.

“நான் பாக்கலைன்னே வச்சுக்கலாம் மேடம். இந்த ரூமுக்கு வேற யாரு வரப்போறா?”

“நீங்க பாத்துட்டீங்களே சார்.”

“நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்.”

“நானும் பாத்துட்டேன்.”

ஜெசிந்தா விதுவா பெட்டியைத் திறந்தார். பெண் தேனீக்களில் ஒன்றைச் சற்றுத் தள்ளிக் குத்தி இடம் செய்தார். தனராஜியை இடுக்கியால் பிடித்து அந்த இடத்தில் இறக்கினார்.

“சிவப்புச் சீட்டை எடுத்திடணுமா மேடம்?”

“வேண்டாம். அது அவர்கிட்டயே இருக்கும்.”

“தனராஜுடையதுன்னு இருந்தது, இனிமே விதவைன்னு ஆயிடுமே.”

“எனக்கு ஆகலையா சார்?”

ஜெசிந்தா காலிப் பெட்டியைத் துடைத்தார். துடைக்க அதில் ஒன்றுமே இல்லை. ஆனாலும் மூலை முடுக்கெல்லாம் துடைத்து, மடியில் வைத்துக்கொண்டார்.

“இருந்தாலும் அவர் பேரு போயிடுச்சே மேடம்.”

ஜெசிந்தா எட்டி விதுவா பெட்டியின் மூடியைச் சாத்தினார்.

“பேர் இருந்தப்ப தனியாத்தானே சார் நின்னாரு.”